கைப்பற்றுதல் வேறு, பறிமுதல் வேறு

“மணல் கடத்திய லாரி பறிமுதல், ஓட்டுநர் கைது” என்று நாளிதழின் மாவட்டப் பக்கத்தில் நான்கு வரியில் வரும் செய்தியை என்னால் எரிச்சல் இல்லாமல் படிக்க முடிவதில்லை. செய்தி அச்சான காலையில் அந்த லாரி பறிமுதல் ஆகியிருக்காது. காவல் நிலையத்தை ஒட்டிய புறம்போக்கில், பின்பெட்டியில் மணலோடு, தார்ப்பாய் பாதி விலகி, நின்றுகொண்டிருக்கும். சட்டத்தின் கணக்கில் அது கைப்பற்றப்பட்டிருக்கிறது, அவ்வளவுதான். பறிமுதல் என்பது நெடுநாள் கழித்து, ஒரு நீதிமன்றம் எழுத்து மூலம் உத்தரவிட்டால் மட்டுமே நிகழக்கூடிய வேறொரு காரியம். தமிழில் இரண்டையும் ஒரே சொல்லால் சொல்லி நாம் பழகிவிட்டோம். காவிரிக் கரை ஊர்களின் நீதிமன்றங்களில் இருபது ஆண்டுகளாக வழக்கறிஞராக மணல் வழக்குகளைப் பார்த்துவரும் எனக்கு, அந்த இரண்டு சொற்களுக்கு நடுவில் உள்ள இடைவெளியில்தான் இந்தச் சட்டத்தின் முழு வாழ்க்கையும் நடக்கிறது என்று தோன்றுகிறது. லாரி துருப்பிடிப்பதும் அங்கேதான்.

2022 கோடையில் என்னிடம் வந்த வழக்கு ஒன்றை வைத்துச் சொன்னால் எளிதில் விளங்கும். முசிறிப் பக்கத்துக்காரர்; ஒற்றை லாரி வைத்துப் பிழைப்பவர்; அந்த லாரியும் நிதி நிறுவனக் கடனில் வாங்கியது. இரவு பத்தரை மணிக்கு வண்டி பிடிபட்டிருக்கிறது. மறுநாள் காலை ஆர்.சி. புத்தகத்தின் நகலை ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டு எடுத்துக்கொண்டு வந்து, உட்காரச் சொல்லியும் உட்காராமல், “கவர்மென்ட் குவாரியில பணம் கட்டி எடுத்த மணல் சார். சீட்டு இருக்கு. சீட்டு இருந்தும் திருட்டு கேஸ் போட்டிருக்காங்க” என்றார். சீட்டைக் கொடுங்கள் என்று வாங்கிப் பார்த்தேன்.

மணல் வழக்கில் முதலில் பார்க்க வேண்டியது அந்தச் சீட்டைத்தான். நடைச்சீட்டு என்பார்கள். தமிழ்நாட்டில் ஆற்று மணல் குவாரிகள் ஒரு காலத்தில் ஏலத்தில் தனியாருக்குக் குத்தகை விடப்பட்டவை. 1959ஆம் ஆண்டின் தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகளில் 38-ஏ என்ற விதியை 2003 அக்டோபரில் சேர்த்து, இருந்த குத்தகைகள் அனைத்தையும் முடித்துவைத்து, ஆற்று மணலை எடுக்கும் உரிமை அரசுக்கு மட்டுமே உண்டு என்று அறிவித்தார்கள். அன்று முதல் குவாரி நடத்துவது பொதுப்பணித் துறையின் வேலையாயிற்று. அதிலிருந்து நீர்வளத் துறை தனியாகப் பிரிந்த பிறகு அந்தத் துறையின் வேலையாயிற்று. 2017இலிருந்து லாரி உரிமையாளர் தன் வாகனத்தைப் பதிவு செய்து, இணையத்தில் முன்பதிவு செய்து, பணம் கட்டி, தன் முறை வரும்வரை காத்திருந்து லோடு எடுக்க வேண்டும் என்ற ஏற்பாடும் வந்தது. அப்படி லோடு ஏற்றிக்கொண்டு வெளியே வரும் வண்டிக்குக் கையில் கிடைக்கும் தாளே நடைச்சீட்டு. எந்தக் குவாரி, எந்த வண்டி எண், எத்தனை யூனிட், எங்கே போகிறது, எத்தனை மணிக்குப் புறப்பட்டது, எத்தனை மணி வரை செல்லும் என்பதெல்லாம் அதில் இருக்கும். நூறு கன அடி ஒரு யூனிட்.

மேலோட்டமாகப் பார்த்தால் இது பேருந்துப் பயணச்சீட்டைப் போன்ற ஒன்று. ஆனால் 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் (மேம்பாடு மற்றும் ஒழுங்குமுறை) சட்டத்தில் 1999இல் 4(1ஏ) என்ற உட்பிரிவைச் சேர்த்த பிறகு, கனிமத்தைத் தோண்டுவதற்கு மட்டுமல்ல, அதை ஏற்றிச் செல்வதற்கும் இருப்பு வைப்பதற்கும்கூட விதிப்படியான ஆவணம் வேண்டும் என்றாகிவிட்டது. ஆற்றிலிருந்து முறையாக எடுத்த மணல்தான், பணமும் கட்டியதுதான், ஆனாலும் சாலையில் போகும்போது சீட்டு செல்லுபடியாகவில்லை என்றால், அந்த நேரத்தில் அது அனுமதியில்லாத மணல். லாரி உரிமையாளர்களுக்கு இதைப் புரியவைப்பதுதான் என் தொழிலில் மிகக் கடினமான பகுதி. மணல் என்னுடையது என்று அவர்கள் சொல்வார்கள். சட்டமோ மணலைக் கேட்கவில்லை, பயணத்தைக் கேட்கிறது.

அவர் கொடுத்த சீட்டில் புறப்பட்ட நேரம் கறுப்பு மையில் எழுதப்பட்டிருந்தது. செல்லுபடியாகும் நேரத்தில் மட்டும், 4 என்ற எண்ணின் மேல் நீல மையில் ஒரு வளைவு சேர்ந்து அது 9 ஆகியிருந்தது. தாளை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தபோது, பேனா அழுத்திய இடத்தில் மறுபக்கம் புடைத்திருந்ததும் தெரிந்தது. பின் டயர் வெடித்து, ஸ்டெப்னியும் காற்றில்லாமல் இருந்ததால் வழியில் பல மணி நேரம் நின்றுவிட்டதாகவும், குவாரி மணலைக் கொட்டிவைக்கும் கிடங்கிலேயே ஒருவர் நேரத்தைத் திருத்திக் கொடுத்ததாகவும் ஓட்டுநர் சொன்னார். உதவி ஆய்வாளரின் முதல் தகவல் அறிக்கை வேறு கதை சொன்னது: சீட்டு திருத்தப்பட்டிருக்கிறது, திருத்தப்பட்ட நேரமும் முடிந்துவிட்டது, மணலில் தண்ணீர் வடிந்துகொண்டிருந்தது.

கடைசியாகச் சொன்னது சாதாரண வாசகருக்கு ஒன்றுமில்லாததாகத் தோன்றும். கிடங்கில் கொட்டிக் காய்ந்த மணலுக்கும் ஆற்றிலிருந்து அப்போதுதான் அள்ளிய மணலுக்கும் வித்தியாசம் அந்த ஈரம்தான். காலையில் முறைப்படி ஒரு லோடு. அந்தச் சீட்டின் நேரம் முடிவதற்குள், அதே சீட்டை வைத்துக்கொண்டு ஆற்றின் வேறொரு துறையிலிருந்து இரண்டாவது, மூன்றாவது லோடு. ஒரு சீட்டில் மூன்று நடை என்பது இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த கணக்கு. ஆகவே இரவுச் சோதனையில் நிற்கும் காவலர் முதலில் சீட்டை வாங்குவதில்லை. பின்பெட்டியின் கதவு இடுக்கில் டார்ச் அடித்துப் பார்க்கிறார், சொட்டுகிறதா என்று. இவருடைய வண்டி சொட்டியது. கிடங்கில் மேல்மணலை அள்ளிவிட்டு அடிமணலை ஏற்றினால் அதுவும் சொட்டும் என்று நான் மனுவில் எழுதினேன். எழுதியபோது எனக்கே அதில் பாதி நம்பிக்கைதான் இருந்தது.

இனி சட்டம் என்ன செய்யும் என்பதற்கு வருகிறேன். 1957ஆம் ஆண்டின் அந்தக் கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவுதான் எல்லாவற்றுக்கும் அடிப்படை. அதன் முதல் உட்பிரிவு தண்டனை. முன்பு இரண்டு ஆண்டு வரை சிறை அல்லது 25,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் என்றிருந்ததை 2015இல் மாற்றி, ஐந்து ஆண்டு வரை சிறையும் ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதமும் என்றாக்கினார்கள். இந்த ஹெக்டேர் என்ற சொல்லை நினைத்து நான் பலமுறை சிரித்திருக்கிறேன். மலையைக் குடையும் சுரங்க நிறுவனத்தை மனத்தில் வைத்து எழுதிய பிரிவு அது. அதற்குப் பரப்பளவு உண்டு. முசிறிச் சாலையில் போகும் லாரிக்கு எத்தனை ஹெக்டேர்? பின்பெட்டியை அளந்து பார்த்தால்கூட ஒரு சென்ட் தேறாது.

நான்காவது உட்பிரிவு கைப்பற்றுதலைப் பற்றியது. சட்டப்படியான அதிகாரமின்றிக் கனிமத்தை எடுத்தாலோ ஏற்றிச் சென்றாலோ, அதற்குப் பயன்பட்ட கருவி, இயந்திரம், வாகனம் எதுவாயினும், அதற்கென அதிகாரமளிக்கப்பட்ட அலுவலர் கைப்பற்றலாம். 1999இல் அதன் பின்னால் (4ஏ) என்று ஒன்றைச் சேர்த்தார்கள். அப்படிக் கைப்பற்றியவற்றை, அந்தக் குற்றத்தை விசாரணைக்கு எடுக்கும் அதிகாரமுள்ள நீதிமன்றம் உத்தரவிட்டுப் பறிமுதல் செய்யலாம் என்பது அதன் பொருள். ஆக, கைப்பற்றுவது அலுவலர். பறிமுதல் செய்வது நீதிமன்றம். கிராம நிர்வாக அலுவலரோ, வட்டாட்சியரோ, உதவி ஆய்வாளரோ எவ்வளவு கோபத்தில் இருந்தாலும், வண்டி இனி அரசுக்குச் சொந்தம் என்று சொல்ல இந்தச் சட்டத்தில் அவர்களுக்கு வழியில்லை. நாளிதழ்க்காரர்களிடம் எனக்குள்ள வழக்கே இதுதான்.

ஆனால் இந்தச் சட்டம் தனியாக ஓடுவதில்லை. திருட்டு வழக்கு என்ற இன்னொரு தண்டவாளத்திலும் ஒரே வண்டியே ஓடுகிறது. கனிமச் சட்டத்தின் 22ஆம் பிரிவு, அதிகாரமளிக்கப்பட்டவர் எழுத்து மூலம் புகார் கொடுத்தால்தான் நீதிமன்றம் வழக்கை எடுக்க முடியும் என்கிறது. அதனால் காவல்துறை தானாக வழக்குப் பதிவு செய்யவே முடியாது என்று வழக்கறிஞர்கள் நெடுங்காலம் வாதாடினோம், சில இடங்களில் ஜெயிக்கவும் செய்தோம். 2014இல் டெல்லி அரசுக்கும் சஞ்சய் என்பவருக்கும் இடையிலான வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்துக்கு முற்றுப்புள்ளி வைத்தது. ஆற்றுப்படுகை அரசின் வசம் இருக்கிறது, அதிலிருந்து அனுமதியின்றி மணலை அள்ளிச் செல்வது திருட்டும் ஆகும், கனிமச் சட்டம் இருப்பதால் இந்திய தண்டனைச் சட்டத்தின்படி வழக்கு தொடர்வதற்குத் தடையில்லை என்றது அத்தீர்ப்பு. அதனால்தான் முதல் தகவல் அறிக்கையில் அன்று தண்டனைச் சட்டத்தின் திருட்டுப் பிரிவான 379ஆம் பிரிவும் கனிமச் சட்டத்தின் 21(1)ஆம் பிரிவும் அக்காள் தங்கை போலச் சேர்ந்தே வந்தன; 2024 ஜூலை முதல் தேதிக்குப் பிறகு 379இன் இடத்தில் புதிய சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 303(2) வருகிறது. எண் மாறியிருக்கிறது, லாரி நிற்கும் இடம் மாறவில்லை.

இந்த இரட்டைத் தண்டவாளத்தின் உண்மையான வலி சமரசத்தின்போதுதான் தெரியும். கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவின்படி, குறித்த தொகையைக் கட்டிவிட்டுக் குற்றத்தைச் சமரசமாக முடித்துக்கொள்ளலாம். எங்கள் பக்கத்தில் இதற்காகக் கோட்டாட்சியர் அலுவலகத்துக்குப் போவார்கள். கட்டிவிட்டால் வண்டி கைக்கு வந்துவிடும் என்று இடைத்தரகர் சொல்லியிருப்பார். மனைவியின் நகையை அடகு வைத்துப் பணத்தைக் கட்டி, ரசீதை வாங்கிக்கொண்டு நேராகக் காவல் நிலையத்துக்குப் போனால், திருட்டு வழக்கு அப்படியே இருக்கிறது, கோர்ட் ஆர்டர் கொண்டு வாருங்கள் என்பார்கள். அவர்கள் சொல்வது தவறும் இல்லை. 2020 டிசம்பரில் ஜெயந்த் என்பவருக்கும் மத்தியப் பிரதேச அரசுக்கும் இடையிலான வழக்கில் உச்ச நீதிமன்றம், சமரசம் கனிமச் சட்டத்தின் குற்றத்தை மட்டுமே முடிக்கும், திருட்டுக் குற்றத்தை முடிக்காது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. என் கட்சிக்காரரும் என்னிடம் வருவதற்கு முன் இந்தத் தரகரைப் பார்த்திருந்தார். நல்ல வேளை, பணம் கட்டவில்லை.

வண்டியை மீட்கும் மனுவுக்கு ஒரு பழைய, நல்ல தீர்ப்பு துணை இருக்கிறது. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002இல் உச்ச நீதிமன்றம், கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டுவைப்பதில் யாருக்கும் பயனில்லை, படம் எடுத்து, மகஜர் என்னும் விவரப் பதிவை எழுதி, உரிய பத்திரமும் பிணையும் பெற்றுக்கொண்டு உரியவரிடம் கொடுத்துவிடுங்கள் என்றது. பொருள்களைப் பதினைந்து நாள் அல்லது ஒரு மாதத்துக்கு மேல் நிலையத்தில் வைத்திருக்கத் தேவையில்லை என்றும் சொன்னது. விபத்து வழக்கென்றால் இந்த ஒரு தீர்ப்பைக் காட்டி ஒரு வாரத்தில் வண்டியை எடுத்துவிடலாம். மணல் வழக்கில் அது நடப்பதில்லை. 2018 அக்டோபர் 29 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் திருட்டில் பிடிபடும் வாகனங்களை இடைக்காலமாக விடுவிக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கையைத் தொடங்க வேண்டும் என்ற பொருளில் உத்தரவிட்டது. அதன் பிறகு வந்த உத்தரவுகளில், கடுமையான நிபந்தனைகளுடன் விடுவித்தவையும் உண்டு, மறுத்தவையும் உண்டு. தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் தன் பங்குக்கு, வாகனத்தின் ஷோரூம் விலையில் பாதியையாவது வசூலிக்காமல் விடக் கூடாது என்று 2019இல் சொல்லி, பின்னர் அதை வண்டியின் விலைக்கும் வயதுக்கும் ஏற்ப 2 முதல் 4 லட்சம் ரூபாய் வரையிலான தொகைகளாக மாற்றியது. இத்தனையும் ஒரே மேசையில் இருக்கும்போது, கீழமை நீதிமன்ற நடுவர் ஒருவர் எந்தத் தாளின் மேல் கையை வைப்பார்?

எங்கள் மனு முதலில் நடுவர் நீதிமன்றத்திலிருந்து திரும்பி வந்தது. அதன் முதுகில், “இம்மனு இந்நீதிமன்றத்தில் எவ்வாறு நிலைக்கத்தக்கது என்பதை விளக்கவும்” என்று எழுதியிருந்தார்கள். கனிமச் சட்டக் குற்றங்களுக்கு மாவட்ட முதன்மை அமர்வு நீதிமன்றமே சிறப்பு நீதிமன்றம் என்பதால் அங்கே போனோம். அங்கே, கனிமச் சட்டப்படி இன்னும் புகார் தாக்கலாகவில்லை, இப்போதைக்கு நிலுவையில் உள்ளது திருட்டு வழக்குதான் என்றார் அரசு வழக்கறிஞர். அதுவும் உண்மைதான். வண்டியைக் கைப்பற்றிய விவரம் 95ஆம் எண் படிவத்தில் நீதிமன்றத்துக்குப் போயிருந்தது. காகிதத்தின்படி வண்டி நீதிமன்றத்தின் பொறுப்பில். கண்ணால் பார்த்தால் நிலையத்து வேப்பமரத்தடியில். புகார் கொடுக்க வேண்டியது வருவாய்த் துறையோ கனிமவளத் துறையோ. அவர்களிடம் கேட்டால் போலீஸ் கேஸ் போட்டிருக்கிறார்களே என்பார்கள். ஆறு மாதம் ஓடியும் பறிமுதல் நடவடிக்கையை யாரும் தொடங்கவில்லை, வண்டியை யாரும் விடவும் இல்லை. பறிமுதல் செய்தால்கூட ஓர் உத்தரவு இருக்கும், அதன் மேல் மேல்முறையீடு செய்யலாம். இப்படி நிறுத்தி வைத்திருப்பதற்கு உத்தரவே கிடையாது. எதன் மேல் முறையிடுவது?

அந்த ஆறு மாதத்தில் அவருக்கு என்ன ஆனது என்பதை மனுவின் பத்திகளில் முழுக்க எழுத முடியாது. மாதத் தவணை நிற்கவில்லை. எஃப்.சி. என்ற தகுதிச் சான்று முடிந்துபோனது, வண்டியைக் காட்டாமல் அதைப் புதுப்பிக்க முடியாது. இன்சூரன்ஸையும் புதுப்பிக்கவில்லை, நிற்கிற வண்டிக்கு எதற்கு என்று. விடுவிப்பு மனுவோடு நடப்பிலுள்ள இன்சூரன்ஸ் நகலை வைக்க வேண்டும் என்று நான் சொன்னபோது, அவர் என்னைப் பார்த்த பார்வை இன்னும் நினைவில் இருக்கிறது. முதல் குற்றவாளியாக ஓட்டுநரும் இரண்டாவதாகக் கிளீனரும் பதினைந்து நாள் சிறையில் இருந்து வந்தார்கள். ஓட்டுநர் அதன் பிறகு திருப்பூருக்கு வேலைக்குப் போய்விட்டார்.

இதையெல்லாம் எழுதுவதால் மணல் கடத்தலுக்கு வக்காலத்து வாங்குகிறேன் என்று யாரும் எண்ணிக்கொள்ள வேண்டாம். நான் கொள்ளிடக் கரையில் வளர்ந்தவன். சிறு வயதில் கோடைக் காலத்தில் ஆற்றில் கையால் முழங்கை ஆழம் தோண்டினால் ஊற்று நீர் சுரக்கும், அதைக் குடித்துவிட்டு விளையாடப் போவோம். இன்று அதே இடத்தில் மணலே இல்லை, களிமண்ணும் நாணலும் கருவேலமும் இருக்கின்றன. கரையோரக் கிணறுகள் இறங்கிவிட்டன. 2018 ஆகஸ்டில் முக்கொம்பு மேலணையின் ஒன்பது மதகுகள் அடித்துச் செல்லப்பட்டபோதும், அதே வெள்ளத்தில் திருச்சியின் பழைய கொள்ளிடம் இரும்புப் பாலத்தின் தூண்கள் சரிந்தபோதும், பழைய கட்டுமானம், பெருவெள்ளம் என்று பல காரணங்கள் பேசப்பட்டன. மணலை இழந்த படுகையும் அவற்றில் ஒன்று. தாமிரபரணியில் மணல் அள்ளுவதை எதிர்த்து தோழர் நல்லகண்ணு தாமே நீதிமன்றத்தில் வாதாடி, ஐந்தாண்டுத் தடையை 2010 இறுதியில் மதுரைக் கிளையில் பெற்றார். அதே தாமிரபரணிக் கரையில், முறப்பநாட்டில், மணல் கடத்தலைப் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலரை 2023 ஏப்ரல் 25 அன்று பட்டப்பகலில் அவர் அலுவலகத்துக்குள்ளேயே புகுந்து வெட்டிக் கொன்றார்கள். அதே ஆண்டில் குற்றவாளிகள் இருவருக்கும் ஆயுள் தண்டனை கிடைத்தது. குண்டர் சட்டம் என்று நாம் சொல்லும் 1982ஆம் ஆண்டுச் சட்டத்தில் கள்ளச்சாராயக்காரர்களோடும் நில அபகரிப்பாளர்களோடும் மணல் குற்றவாளிகளையும் பின்னால் சேர்த்தது காரணமில்லாமல் அல்ல. 2018 உத்தரவின் கோபம் எனக்குப் புரிகிறது. காலையில் விட்ட வண்டி மாலையில் ஆற்றில் நிற்பதைப் பார்த்த நீதிபதிகள் எழுதிய உத்தரவு அது.

என் குறை வேறு. இருபது ஆண்டுகளில் நான் நடத்திய மணல் வழக்குகளில் கைப்பற்றப்பட்டவை லாரி, டிராக்டர், டாடா ஏஸ், மாட்டு வண்டி. பொக்லைன் ஒன்றே ஒன்று. லாரி ஆற்றைத் தோண்டுவதில்லை. தோண்டுகிற இயந்திரம் சாலைக்கு வருவதில்லை, அதற்கு நடைச்சீட்டும் கிடையாது. சாலையில் வருவது மாட்டிக்கொள்கிறது; அதிலும் மெதுவாக வருவது முதலில் மாட்டிக்கொள்கிறது.

மாட்டு வண்டியைப் பற்றி எழுதாமல் விட மனமில்லை. கரூர், திருச்சி, தஞ்சாவூர் மாவட்டங்களில் தலைமுறையாக மாட்டு வண்டியில் மணல் அடித்து வாழும் குடும்பங்கள் பல உண்டு. தங்களுக்கெனத் தனிக் குவாரி கேட்டு அவர்கள் ஆட்சியர் அலுவலகங்களின் முன் போராடாத ஆண்டு கிடையாது. சட்டத்தில் வாகனம் என்றால் வாகனம், சக்கரத்தின் வேகம் பார்ப்பதில்லை. ஆனால் மாட்டு வண்டியைக் கைப்பற்றினால் காவல் நிலையத்துக்கு ஒரு சங்கடம் வந்துவிடும்: மாட்டுக்கு யார் தீனி போடுவது, தண்ணீர் யார் காட்டுவது? ஆகவே பெரும்பாலும் மாட்டை அவிழ்த்துச் சொந்தக்காரரிடமே கொடுத்துவிட்டு வண்டியை மட்டும் நிறுத்திக்கொள்வார்கள். ஒரு நிலையத்தின் பின்புறம் ஏழெட்டு வண்டிகள் ஏர்க்கால் வானத்தைப் பார்க்க ஒன்றன்மேல் ஒன்றாகச் சாய்த்து வைக்கப்பட்டிருந்ததைப் பார்த்திருக்கிறேன். சக்கரத்தின் இரும்புப் பட்டைகளை யாரோ கழற்றியிருந்தார்கள். வண்டிக்குச் சொந்தக்காரரான ஒரு பெரியவர், “மாட்டை விட்டுட்டாங்க தம்பி, வண்டி இல்லாம மாட்டை வச்சு நான் என்ன பண்ண, அதுக்கும் சேர்த்துல்ல இப்ப தீனி போடணும்” என்றார். பிறகு மாட்டைச் சந்தையில் விற்றார். அவர் வண்டிக்காக நான் போட்ட மனு, வண்டியின் மதிப்பைவிட அதிகச் செலவில், மூன்றாம் மாதத்தில் வென்றது.

முசிறிக்காரரின் வண்டிக்காகக் கடைசியில் மதுரைக் கிளைக்குத்தான் போனோம். கைப்பற்றி ஏழு மாதமாகியும் பறிமுதல் நடவடிக்கை தொடங்கவில்லை என்பதையே முதன்மைக் காரணமாக எழுதினேன். சீட்டின் நீல மையைப் பற்றி ஒரே ஒரு பத்தி. நீதிமன்றம் கணிசமான தொகை ஒன்றை வைப்பீடு செய்யச் சொல்லி, அசல் ஆர்.சி. புத்தகத்தை ஒப்படைக்க வேண்டும், வண்டியை விற்கவோ மாற்றவோ கூடாது, அழைக்கும்போது கொண்டுவர வேண்டும், இனி இத்தகைய குற்றத்தில் ஈடுபட மாட்டேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என்ற நிபந்தனைகளோடு விடுவித்தது. பறிமுதல் குறித்த முடிவு சிறப்பு நீதிமன்றத்தின் விசாரணைக்கு உட்பட்டது என்ற வரியும் இருந்தது. அந்த விசாரணை இதை எழுதும் இன்றுவரை தொடங்கவில்லை.

2023 செப்டம்பரில் அமலாக்கத் துறை குவாரிகளிலும் ஒப்பந்ததாரர்களின் இடங்களிலும் சோதனை நடத்தியது. ஐந்து மாவட்ட ஆட்சியர்களுக்கு அழைப்பாணை போய், அது உச்ச நீதிமன்றம் வரை சென்றது. குவாரிகள் மூடப்பட்டன. என் கட்சிக்காரர் இப்போது எம்-சாண்ட் ஓட்டுகிறார். அதற்கும் நடைச்சீட்டு உண்டு. சீட்டைக் கையில் வாங்கியதும் நேரத்தைச் செல்போனில் படம் எடுத்து எனக்கு அனுப்பிவிட்டுத்தான் வண்டியை நகர்த்துகிறார். அனுப்ப வேண்டாம் என்று நானும் சொல்லவில்லை.

உத்தரவு நகலோடு வண்டியை எடுக்கப் போன நாளைச் சொல்லி முடிக்கிறேன். பேட்டரி இல்லை. ஸ்டெப்னி இல்லை. உள்பக்க டயர்கள் இரண்டும் மண்ணோடு மண்ணாகச் சப்பிப் போயிருந்தன. பின்பெட்டியில் மணல் அப்படியே இருந்தது, அதன்மேல் புல் முளைத்து, வேப்பங்கன்று ஒன்று முழ உயரம் வளர்ந்திருந்தது. நீதிமன்ற உத்தரவில் வாகனத்தை விடுவிக்கச் சொல்லியிருந்ததே தவிர மணலைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை என்பதை நிலைய எழுத்தர் சுட்டிக்காட்டினார். எழுத்தர் சொன்னது சரி. நான் மனுவில் கேட்காமல் விட்டது என் தவறு. ஆகவே மணலை இறக்கி நிலையத்திலேயே வைத்துவிட்டு வண்டியை மட்டும் எடுக்க வேண்டும். ஆள் கூலி வண்டிக்காரர் தலையில். மூன்று பேர் மண்வெட்டியோடு ஏறி, வேப்பங்கன்றை முதலில் பிடுங்கி எறிந்துவிட்டு, மதியம் வரை தள்ளினார்கள். மகஜரில் 3 யூனிட். குவியலை நாடா பிடித்து அளந்தால் இரண்டேகால்தான் வந்தது. “மழையில ஓடியிருக்கும் சார்” என்றார் காவலர். பதிவேட்டில் 3 யூனிட் என்பதே நின்றது.

பிறகு எழுத்தர் ஒரு தாளை நீட்டினார். மேற்படி வாகனத்தை நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன் என்று அதில் ஏற்கெனவே அச்சிட்டிருந்தது. இழுத்துப் போக வந்த இன்னொரு லாரியின் பின்னால் அதற்குள் சங்கிலி மாட்டியாகிவிட்டது. அவர் என் முகத்தைப் பார்த்தார். கையெழுத்துப் போடுங்கள் என்றேன்.